நாடுகளுக்கு இடையே வரப்புத் தகராறு: எங்கள் ஞாயிறு வகுப்பில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

காவேரிப்பட்டணத்தில் ஞாயிற்றுக்கிழமை காலையில் போட்டித் தேர்வு எழுதும் பிள்ளைகளுக்கு வரலாறு சொல்லிக் கொடுக்கிறேன். அதற்கு முன் முப்பது ஆண்டு பள்ளியில் சமூக அறிவியல் ஆசிரியர். எந்த ஆண்டு யார் வந்தாலும் பிரிவினைப் பாடம் தொடங்கியதும் அதே சந்தேகங்கள் வரும். வகுப்பு முடிந்து டீக்கடைக்குப் போனால், ராணுவத்தில் இருந்து ஓய்வு பெற்று வந்தவர்களும் அவற்றையே வேறு விதமாகக் கேட்பார்கள். கேட்டவர்கள் வாயில் வந்தபடியே கேள்விகளை எழுதிப் பதிலையும் சேர்த்திருக்கிறேன்.

சார், எல்லைன்னா மேப்புல இருக்கிற கோடுதானே? கோடு போட்டாச்சுன்னா அப்புறம் என்ன சண்டை?

நம் ஊரில் அண்ணன் தம்பி பாகம் பிரிக்கும்போது என்ன நடக்கிறது? முதலில் பத்திரத்தில் செக்குபந்தி எழுதுவார்கள்: கிழக்கே ஓடை, மேற்கே இன்னார் நிலம், வடக்கே வண்டிப்பாதை என்று. அது வார்த்தை. அப்புறம் புலப்படத்தில் கோடு விழும். கடைசியில் சர்வேயர் வந்து அளந்து கல் நடுவார். மூன்றும் ஒத்துப் போனால் பிரச்சினை இல்லை. பத்திரத்தில் சொன்ன ஓடை இடம் மாறியிருந்தாலோ, படத்தில் ஒரு பக்கம், கல் இன்னொரு பக்கம் என்று இருந்தாலோ வழக்குத்தான்.

நாடுகளுக்கும் இதே மூன்று படிகள். ஒப்பந்தத்தில் வார்த்தை, வரைபடத்தில் கோடு, தரையில் எல்லைத்தூண். வெள்ளைக்காரர்கள் விட்டுப்போன எல்லைகளில் பல இரண்டாம் படியோடு நின்றவை. சில முதல் படியிலேயே தெளிவாக இல்லை. கீழே ஒவ்வொரு தகராறையும் படிக்கும்போது அது எந்தப் படியில் சறுக்கியது என்று பாருங்கள். பாதிக் குழப்பம் அங்கேயே தீரும்.

இந்தியா பாகிஸ்தான் கோட்டைப் போட்டது யாரு? அஞ்சே வாரத்துல போட்டாராமே?

ஆமாம், அஞ்சே வாரம்தான். சிரில் ராட்கிளிஃப் என்ற லண்டன் வக்கீல். அதற்கு முன் இந்தியாவுக்கு வந்ததே இல்லை. 1947 ஜூலை 8-ஆம் தேதி வந்தார். பஞ்சாபுக்கு ஒன்று, வங்காளத்துக்கு ஒன்று என இரண்டு எல்லை ஆணையங்கள். இரண்டுக்கும் அவரே தலைவர். ஒவ்வொன்றிலும் நான்கு நீதிபதிகள். காங்கிரஸ் சார்பில் இருவர், முஸ்லிம் லீக் சார்பில் இருவர். எந்த ஊர் யாருக்கு என்ற கேள்வியில் அவர்கள் இரண்டுக்கு இரண்டு என்று பிரிந்து நின்றதால் முடிவெல்லாம் ராட்கிளிஃப் தலையில் வந்து விழுந்தது.

அவருக்குக் கொடுத்த உத்தரவு இதுதான்: முஸ்லிம்கள் பெரும்பான்மையாகத் தொடர்ச்சியாக வாழும் பகுதி, மற்றவர்கள் அப்படி வாழும் பகுதி, இரண்டையும் பிரி, 'பிற காரணங்களையும்' கணக்கில் எடு. அந்தப் பிற காரணங்கள் எவை என்று யாரும் எழுதவில்லை. பஞ்சாபில் வாய்க்கால் ஒரு பக்கம், அது பாசனம் தரும் வயல் இன்னொரு பக்கம். ரயில் பாதை வேறு. குர்தாஸ்பூர் மாவட்டத்தின் நான்கு தாலுகாக்களில் மூன்று இந்தியாவுக்கு வந்தன, ஷகர்கர் பாகிஸ்தானுக்குப் போனது. அதைப் பற்றிய வாதம் இன்றும் ஓயவில்லை.

என் மனதை உறுத்துவது தேதிதான். சுதந்திர நாளுக்கு முன்பே முடிவு தயாராகிவிட்டது. ஆனால் ஆகஸ்ட் 17-ஆம் தேதிதான் வெளியிட்டார்கள். சுதந்திரம் வந்து இரண்டு நாள் வரை தான் எந்த நாட்டில் இருக்கிறோம் என்று தெரியாமல் லட்சக்கணக்கானோர் இருந்தார்கள். வங்காளத்தின் முர்ஷிதாபாத்தில் பாகிஸ்தான் கொடி ஏறியது, குல்னாவில் இந்தியக் கொடி ஏறியது. அறிவிப்பு வந்ததும் இரண்டும் மாறின. ஒரு கோடிக்கும் மேற்பட்டவர்கள் வீடு வாசலை விட்டு நடந்தார்கள். பல லட்சம் பேர் உயிர் இழந்தார்கள்.

எங்க தாத்தா சொல்றாரு, நம்ம ராஜாஜிதான் முதல்ல பாகிஸ்தானுக்கு ஒத்துக்கிட்டாருன்னு. நெசமா சார்?

பாதி நிஜம். மீதியையும் சேர்த்துத் தாத்தாவிடம் சொல்லுங்கள். ராஜாஜி பிறந்த தொரப்பள்ளி நம் கிருஷ்ணகிரி மாவட்டத்தில்தான், ஓசூர் பக்கத்தில் இருக்கிறது. 1942-இல் லீக்கின் கோரிக்கையை ஒரு அளவுக்கு ஏற்றுச் சமரசம் செய்ய வேண்டும் என்று சென்னை மாகாணக் காங்கிரஸ் சட்டமன்ற உறுப்பினர்களிடம் தீர்மானம் கொண்டு வந்தார். அகில இந்தியக் காங்கிரஸ் அதை நிராகரித்தது. அவர் கட்சியை விட்டே விலகினார்.

1944-இல் வெளியானதுதான் ராஜாஜி திட்டம். லீக் சுதந்திரக் கோரிக்கையை ஆதரிக்க வேண்டும். போர் முடிந்தபின் வடமேற்கிலும் கிழக்கிலும் முஸ்லிம்கள் அறுதிப் பெரும்பான்மையாக இருக்கும் அடுத்தடுத்த மாவட்டங்களை ஓர் ஆணையம் அடையாளம் காணும். அங்குள்ள எல்லா மதத்தாரும் ஓட்டுப் போட்டு முடிவு செய்வார்கள். பிரிந்தாலும் பாதுகாப்பு, வணிகம், போக்குவரத்துக்குப் பொது ஒப்பந்தம் இருக்கும். இதில் ஒரு வரியை நான் வகுப்பில் இரண்டு முறை வாசிக்கச் சொல்வேன்: எல்லையில் இருக்கும் மாவட்டங்களுக்கு எந்த நாட்டோடு சேர்வது என்று தேர்ந்துகொள்ளும் உரிமை உண்டு என்று அதில் இருக்கிறது.

இந்தத் திட்டத்தை வைத்துத்தான் அந்த ஆண்டு செப்டம்பரில் காந்தியும் ஜின்னாவும் பம்பாயில் பேசினார்கள். பஞ்சாபையும் வங்காளத்தையும் துண்டாக்கித் தரும் பாகிஸ்தான் வேண்டாம் என்றார் ஜின்னா. முஸ்லிம்கள் மட்டுமே வாக்களிக்க வேண்டும் என்பதும் அவர் வாதம். பேச்சு முறிந்தது. மூன்று ஆண்டு கழித்து அவருக்குக் கிடைத்தது துண்டான பஞ்சாபும் துண்டான வங்காளமும்தான், அதுவும் எல்லை மாவட்டங்களைக் கேட்காமல். அந்தத் துண்டான மேற்கு வங்காளத்துக்கு 1947 ஆகஸ்ட் 15 அன்று முதல் ஆளுநராகப் போய் உட்கார்ந்தவர் தொரப்பள்ளிக்காரர். தன் திட்டத்தில் எழுதிய உரிமை இல்லாமல் வந்த ஒரு கோட்டின் ஓரத்தில் அவர் ஆட்சி நடத்த வேண்டியிருந்தது. இதைச் சொல்லும்போது எனக்கு எப்போதும் தொண்டை அடைக்கும்.

காஷ்மீரும் ராட்கிளிஃப் கோடுதானா?

இல்லை. ராட்கிளிஃப் பிரித்தது ஆங்கிலேயர் நேரடியாக ஆண்ட மாகாணங்களை. ஜம்மு காஷ்மீர் மன்னர் சமஸ்தானம். மகாராஜா ஹரி சிங் 1947 அக்டோபர் 26 அன்று இந்தியாவோடு இணைப்புப் பத்திரத்தில் கையெழுத்திட்டார். அதற்கு முன்பே சண்டை தொடங்கிவிட்டது. 1949 ஜனவரி 1-இல் போர் நின்றது. படைகள் நின்ற இடத்தை ஒட்டி அந்த ஆண்டு ஜூலையில் கராச்சி உடன்பாட்டில் போர்நிறுத்தக் கோடு வரையப்பட்டது.

எல்.ஓ.சி., எல்.ஏ.சி., ஐ.பி. மூணும் ஒண்ணா வேறயா? தேர்வுல மாத்தி மாத்திக் கேக்கறாங்க.

மூன்றும் வேறு. ஐ.பி. என்பது சர்வதேச எல்லை. குஜராத், ராஜஸ்தான், பஞ்சாப் வழியாகப் போய் ஜம்முவின் ஒரு பகுதி வரை வருகிறது. அந்த ஜம்மு பகுதியை மட்டும் பாகிஸ்தான் சர்வதேச எல்லை என்று ஒப்புக்கொள்வதில்லை. எல்.ஓ.சி. என்பது கட்டுப்பாட்டுக் கோடு, சுமார் 740 கிலோமீட்டர். 1949-இன் போர்நிறுத்தக் கோடு 1971 போருக்குப் பின் சில இடங்களில் மாறி, 1972 சிம்லா உடன்பாட்டின்படி இந்தப் பெயர் பெற்றது. படத்தில் இரு தரப்பும் கையெழுத்திட்ட கோடு இது.

எல்.ஏ.சி. சீனாவோடு இருப்பது. இதற்கு இரு தரப்பும் ஒத்துக்கொண்ட படமே கிடையாது. நாம் 3,488 கிலோமீட்டர் என்கிறோம், அவர்கள் சுமார் 2,000 என்கிறார்கள். நீளத்திலேயே ஒப்புதல் இல்லாத கோடு எப்படி இருக்கும் என்று கல்வான் பள்ளத்தாக்கில் 2020-இல் பார்த்தோம்.

சியாச்சின்ல ஏன் சண்டை? அங்க புல்லுகூட முளைக்காதே?

முதல் கேள்வியில் சொன்ன செக்குபந்திக் குறைதான் இது. 1949-இலும் 1972-இலும் கோட்டைப் படத்தில் வரைந்துகொண்டே போனவர்கள் என்.ஜே.9842 என்ற புள்ளியில் நிறுத்திவிட்டார்கள். அதற்கு மேல் யாரும் போய் நிற்கப் போவதில்லை என்று நினைத்து, 'அங்கிருந்து வடக்கே பனியாறுகள் வரை' என்று 1949 உடன்பாட்டில் வார்த்தையாக எழுதி விட்டார்கள். வடக்கே என்றால் நேர் வடக்கா, மலை முகட்டை ஒட்டியா? நாம் மேற்கே சால்தோரோ முகட்டைச் சொன்னோம். பாகிஸ்தான் புள்ளியிலிருந்து வடகிழக்கே காரகோரம் கணவாய்க்குக் கோடு இழுத்தது. 1984 ஏப்ரலில் நம் படை முகட்டில் ஏறியது. அன்றிலிருந்து அங்கே துப்பாக்கிக் குண்டை விடக் குளிரும் பனிச்சரிவும் கொன்ற வீரர்களே அதிகம். நம் மாவட்டத்திலிருந்து போய் அங்கே பணி செய்தவர்கள் டீக்கடையில் இதைப் பேசும்போது குரல் தாழ்ந்துவிடும்.

சீனாவோட தகராறும் பிரிவினையால வந்ததா?

பிரிவினையால் அல்ல, வெள்ளைக்காரர் விட்டுப்போனதால். கிழக்கே மக்மகோன் கோடு. 1914-இல் சிம்லாவில் பிரிட்டிஷ் இந்தியாவும் திபெத்தும் ஒப்புக்கொண்டது. சீனா அதை ஏற்கவில்லை. திபெத்துக்கு ஒப்பந்தம் போடும் உரிமையே இல்லை என்பது அவர்கள் வாதம். அந்தக் கோட்டை வரைந்த படத்தின் அளவு ஓர் அங்குலத்துக்கு எட்டு மைல். கணக்குப் போட்டுப் பாருங்கள்: பேனா ஒரு மில்லிமீட்டர் தடித்தால் தரையில் அரை கிலோமீட்டர். மூன்றாம் படியான கல் நடுதல் நடக்கவே இல்லை.

மேற்கே அக்சாய் சின், சுமார் 38,000 சதுர கிலோமீட்டர். அங்கே 1865-இல் ஜான்சன் என்பவரின் படம் ஒரு கோட்டைக் காட்டியது, 1899-இல் ஆங்கிலேயர் சீனாவுக்கு அனுப்பிய யோசனை வேறொரு கோட்டைச் சொன்னது. சீனா பதிலே சொல்லவில்லை. 1957-இல் அவர்கள் அதன் குறுக்கே சாலை போட்டு முடித்ததும், 1962 போரும் உங்களுக்குத் தெரிந்தவை.

ஆப்கானிஸ்தானும் பாகிஸ்தானும் ஒரே மதம்தானே, அவங்களுக்குள்ள என்ன எல்லைப் பிரச்சினை?

டூரண்ட் கோடு, 1893. சுமார் 2,600 கிலோமீட்டர். பஷ்தூன் மக்கள் வாழும் பூமியின் குறுக்கே போகிறது. வெள்ளைக்காரரோடு போட்டது, அவர்கள் போனதும் முடிந்தது என்கிறது காபூல்; வாரிசு நாங்கள் என்கிறது பாகிஸ்தான். 1947 செப்டம்பரில் ஐ.நா.வில் பாகிஸ்தானைச் சேர்க்கும்போது எதிர்த்து ஓட்டுப் போட்ட ஒரே நாடு ஆப்கானிஸ்தான். மதம் ஒன்றாக இருந்தால் எல்லைத் தகராறு வராது என்று நினைப்பவர்களுக்கு இந்த ஒரு விவரம் போதும்.

நாட்டுக்குள்ள நாடு, அதுக்குள்ள இன்னொரு நாடுன்னு ஏதோ இருந்துச்சாமே?

இருந்தது, 2015 வரை. மேற்கு வங்கத்தின் கூச் பிஹார் ஓரத்தில், வங்கதேசத்துக்குள் இந்திய நிலத் துண்டுகள் 111, இந்தியாவுக்குள் வங்கதேசத் துண்டுகள் 51. நம் வயலுக்கு நடுவே பங்காளியின் கால் ஏக்கர் இருப்பது மாதிரி. டஹாலா காக்ராபாரி என்ற இடம் இன்னும் விசித்திரம்: வங்கதேசத்துக்குள் இந்தியத் துண்டு, அதற்குள் வங்கதேசத் துண்டு, அதற்குள் மறுபடி இந்தியாவின் ஒரு சின்ன வயல்.

ராஜாவும் நவாபின் ஆளும் சதுரங்கம் ஆடிக் கிராமங்களைப் பந்தயம் வைத்துத் தோற்றதால் வந்தது என்று அங்கே ஒரு கதை உண்டு. உண்மையில் மொகலாயருக்கும் கூச் பிஹார் அரசுக்கும் 18-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நடந்த சண்டையும் சமாதானமும் விட்டுப்போன சிதறல் அது. ஒரே வெள்ளைக்காரர் ஆட்சியில் இருந்தவரை யாருக்கும் வலிக்கவில்லை. 1947-க்குப் பின் அது சர்வதேச எல்லையாகிவிட்டது. தன் நாட்டின் பள்ளிக்கூடத்துக்கோ ஆஸ்பத்திரிக்கோ போக, அடுத்த நாட்டைத் தாண்ட வேண்டும். தாண்ட பாஸ்போர்ட் வேண்டும். பாஸ்போர்ட் எடுக்கவும் தாண்ட வேண்டும். பிள்ளையைப் பள்ளியில் சேர்க்க அடுத்த ஊர்க்காரரைத் தகப்பன் என்று எழுதிக் கொடுத்தவர்கள் உண்டு. அறுபத்தெட்டு ஆண்டு ஐம்பதாயிரம் பேர் இப்படி வாழ்ந்திருக்கிறார்கள். 1974-இல் இந்திரா காந்தியும் முஜிபுர் ரஹ்மானும் மாற்றிக்கொள்ள ஒப்பந்தம் போட்டார்கள். நிறைவேறியது 2015 ஜூலை 31 நள்ளிரவில்.

ஒப்பந்தம் போட்டு நாற்பது வருஷமா? பிரதமர் கையெழுத்துப் போட்டா போதாதா?

போதாது. 1958-இல் நேருவும் பாகிஸ்தான் பிரதமர் நூனும் மேற்கு வங்க எல்லையில் இருக்கும் பேருபாரி என்ற பகுதியைப் பாதியாகப் பிரிக்க ஒப்புக்கொண்டார்கள். அது உச்ச நீதிமன்றத்தின் கருத்துக்குப் போனது. இந்திய மண்ணை வேறு நாட்டுக்குக் கொடுக்க அரசியல் சட்டத்தையே திருத்த வேண்டும் என்று 1960-இல் நீதிமன்றம் சொன்னது. அதற்காகவே ஒன்பதாவது திருத்தம் வந்தது. வங்கதேசத்தோடு நிலம் மாற்றிக்கொள்ள நூறாவது திருத்தம் 2015-இல்தான் நிறைவேறியது. தேர்வுக்கு இந்த இரண்டு எண்களையும் மறக்காதீர்கள்.

அப்போ கச்சத்தீவுக்கு மட்டும் ஏன் திருத்தம் வரல?

எங்கள் வகுப்பில் சத்தம் கூடும் கேள்வி இது. 285 ஏக்கர் தீவு. ராமநாதபுரம் ஜமீனின் உரிமை என்று நம் பக்கம் ஆவணம் காட்டுகிறோம். நெடுங்காலமாகத் தங்களுடையது என்று இலங்கை சொன்னது. 1974 ஜூனில் பாக் நீரிணையில் கடல் எல்லை வகுத்தபோது தீவு அவர்கள் பக்கம் விழுந்தது. டெல்லியின் வாதம்: இது ஏற்கெனவே நம்முடையது என்று முடிவான நிலம் அல்ல, தகராறில் இருந்தது, எல்லையை வரையறுத்தோம், எதையும் கொடுக்கவில்லை; ஆகவே பேருபாரி தீர்ப்பு பொருந்தாது. தமிழ்நாட்டின் வாதம் நேர் எதிர். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போயிருக்கிறது.

1974 உடன்பாட்டில் நம் மீனவர்களும் யாத்ரீகர்களும் முன்போலவே தீவுக்குப் போய்வரலாம் என்று இருந்தது. 1976-இல் பரிமாறிய கடிதங்கள் ஒருவர் கடலில் மற்றவர் மீன்பிடிப்பதை நிறுத்தின. அந்தோணியார் கோயில் திருவிழாவுக்குப் போகலாம், வலை வீச முடியாது. சட்டத்தில் எது சரி என்று நீதிமன்றம் சொல்லட்டும். ராமேஸ்வரம் மீனவரைக் கூட்டி வைத்துப் பேசாமல் அந்தக் கோடு போட்டது தவறு என்பது என் உறுதியான கருத்து.

ஆறுதான் எல்லைன்னா, ஆறு திசை மாறினா எல்லையும் மாறுமா?

ஆறு மெதுவாகக் கரையை அரித்து நகர்ந்தால் எல்லையும் கூடவே நகரும். வெள்ளத்தில் திடீரென்று புது வழியில் பாய்ந்தால் எல்லை பழைய தடத்திலேயே நிற்கும். இதுதான் பொது வழக்கம். படகு ஓடும் ஆறாக இருந்தால் நடு ஆற்றை அல்ல, ஆழமான ஓட்டத்தின் நடுவை எல்லையாக எடுப்பார்கள்.

குஜராத் ஓரத்தில் சர் கிரீக் என்ற உப்பங்கழி, 96 கிலோமீட்டர். சிந்துவும் கட்ச் சமஸ்தானமும் விறகு பொறுக்குவதில் மோதிக்கொண்டபோது 1914-இல் பம்பாய் அரசு ஒரு தீர்மானம் போட்டது. அதே தீர்மானத்தை வைத்து, எல்லை கிழக்குக் கரை என்கிறது பாகிஸ்தான், நடு ஓட்டம் என்கிறோம் நாம். சேற்று நிலம்தானே என்று விட முடியாது. கரையில் கோடு எங்கே முடிகிறதோ அங்கிருந்துதான் கடல் எல்லை தொடங்கும். அதற்குப் பக்கத்திலுள்ள கட்ச் ரண் தகராறை 1968-இல் ஒரு நடுவர் மன்றம் தீர்த்தது. சுமார் பத்தில் ஒன்பது பங்கு நமக்கு வந்தது, இரு நாடும் ஏற்றன.

ஒகேனக்கல்லும் இதே மாதிரிதானே? கர்நாடகாவும் சொந்தம் கொண்டாடுச்சே?

இல்லை, இதைக் கலக்காதீர்கள். ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டத்துக்கு 2008-இல் கர்நாடகத்தில் எதிர்ப்பு வந்தபோது எல்லைப் பேச்சும் எழுந்தது. திட்டம் 2013-இல் முடிந்து தண்ணீரும் வந்தது. மாநில எல்லையை நாடாளுமன்றம் சட்டம் போட்டு மாற்றலாம், அரசியல் சட்டத்தின் மூன்றாவது பிரிவு அதைத்தான் சொல்கிறது. எப்படி மாறினாலும் யாரும் குடியுரிமை இழக்க மாட்டார்கள். ஜூஜூவாடியைத் தாண்டி அத்திப்பள்ளிக்கு வேலைக்குப் போகிறவர் பாஸ்போர்ட்டா எடுத்துப் போகிறார்?

ஆனால் நம் மாவட்டத்தின் நடுவிலும் ஒரு காலத்தில் இரண்டு அரசுகளின் எல்லை ஓடியது. 1792 ஸ்ரீரங்கப்பட்டண ஒப்பந்தத்தில் திப்பு, கிருஷ்ணகிரியைச் சேர்த்த பாராமகால் பகுதியைக் கிழக்கிந்தியக் கம்பெனிக்குக் கொடுத்தார். கிருஷ்ணகிரி கம்பெனியிடம் போனது, ஓசூர் மைசூரிடமே இருந்தது. 1799-இல் திப்பு வீழும் வரை ஏழு ஆண்டு அப்படி. கம்பெனி அதிகாரிகள் அலெக்சாண்டர் ரீடும் தாமஸ் மன்றோவும் இங்கே நிலம் அளந்து வரி போட்டது அந்த ஏழு ஆண்டுகளில்தான். இன்று ஓசூர் சந்தையில் தமிழும் தெலுங்கும் கன்னடமும் ஒரே மூச்சில் கேட்கிறதே, அந்தக் கலப்புக்கு இப்படி ஒரு பழைய பின்னணியும் உண்டு.

உலக நீதிமன்றத்துக்குப் போனா எல்லாம் தீராதா?

இரு தரப்பும் சம்மதித்தால்தான் அங்கே வழக்கு நடக்கும். ஆப்பிரிக்க நாடுகள் பல போயிருக்கின்றன. காலனி ஆட்சி விட்டுப்போன எல்லையை அப்படியே ஏற்போம் என்று 1964-இல் கெய்ரோவில் அவை முடிவு செய்ததால் வாதத்துக்கு ஓர் அடிப்படை இருந்தது. பகாசி தீபகற்பம் கேமரூனுக்கு என்று 2002-இல் தீர்ப்பு வந்தது, நைஜீரியா விட்டுக்கொடுத்தது.

தாய்லாந்து, கம்போடியா வழக்கைத் தெரிந்துகொள்ளுங்கள். பிரியா விஹார் என்ற மலைமேல் சிவன் கோயில். 1904 ஒப்பந்தத்தில் எழுதியது நீர் பிரியும் முகடு. 1907-இல் பிரெஞ்சு அதிகாரிகள் வரைந்த படம் கோயிலைக் கம்போடியா பக்கம் காட்டியது. வார்த்தையும் படமும் மோதின. படத்தை வாங்கி வைத்துக்கொண்டு தாய்லாந்து அரை நூற்றாண்டு ஆட்சேபம் சொல்லாததால் ஒத்துக்கொண்டதாகத்தான் அர்த்தம் என்று 1962-இல் நீதிமன்றம் கம்போடியாவுக்குக் கொடுத்தது. பக்கத்து நிலங்களுக்காக 2011-லும் 2025-லும் மறுபடி குண்டு வெடித்தது.

கூகுள் மேப்புல காஷ்மீர் புள்ளிக்கோடா வருது. எதை வரையணும்?

பார்க்கும் நாட்டைப் பொறுத்து அவர்கள் கோட்டை மாற்றிக் காட்டுகிறார்கள். நீங்கள் இந்திய நில அளவைத் துறையின் படத்தையே வரையுங்கள். அதற்கு மாறான படத்தை வெளியிடுவது 1961 சட்டப்படி குற்றம்.

எல்லாம் சரி சார், அந்தக் கோட்டு மேல குடியிருந்தவங்களை எப்பவாவது யாராவது கேட்டாங்களா?

பாலக்கோட்டிலிருந்து வரும் ஒரு மாணவி கேட்டது. மிகக் குறைவாகத்தான் கேட்டிருக்கிறார்கள். 1947 ஜூலையில் சில்ஹெட்டில் வாக்கெடுப்பு நடந்தது, பெரும்பான்மை கிழக்கு வங்காளத்தைச் சொன்னது. அப்போதும் கரீம்கஞ்ச் பகுதியை ராட்கிளிஃப் அசாமிலேயே வைத்தார். வடமேற்கு எல்லை மாகாணத்திலும் வாக்கெடுப்பு நடந்தது, ஆனால் தனி பஷ்தூன் நாடு என்ற வாய்ப்பு சீட்டில் இல்லை என்று கான் அப்துல் கஃபார் கான் தரப்பு புறக்கணித்தது. பஞ்சாபில் யாரையும் கேட்கவில்லை.

2015-இல் கேட்டார்கள். கூச் பிஹார் துண்டுகளில் இரு நாட்டு ஊழியர்களும் சேர்ந்து வீடு வீடாகப் போய், எந்த நாட்டின் குடிமகனாக இருக்க விருப்பம் என்று எழுதி வாங்கினார்கள். வங்கதேசத்துக்குள் இருந்த இந்தியத் துண்டுகளிலிருந்து சுமார் ஆயிரம் பேர் மட்டும் இந்தியாவுக்கு வந்தார்கள். மற்றவர்கள் உழுத மண்ணிலேயே இருந்துகொண்டு வங்கதேசத்தவர் ஆனார்கள். நம் பக்கத் துண்டுகளில் இருந்த பதினாலாயிரம் பேரும் இந்தியா என்றார்கள். 2016 மேற்கு வங்கச் சட்டமன்றத் தேர்தலில் அவர்கள் வாழ்க்கையில் முதல் முறையாக வரிசையில் நின்று ஓட்டுப் போட்டார்கள்.